நாலு தண்ணியில் கழுவிய கோழி

எனக்குக் கோபம் சீக்கிரம் வரும். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஏனென்றால் அந்த ஞாயிற்றுக்கிழமை நான் போட்ட சத்தம் தெருமுனை வரைக்கும் கேட்டது என்று என் அக்கா இன்றைக்கும் வருகிறவர் போகிறவரிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறாள். எதற்காகக் கத்தினேன் என்பதை மட்டும் லேசாக விழுங்கிவிடுகிறாள். கேவலம் கோழி இறக்கைக்கா இந்தப் பாடு என்று கேட்பவர்கள் என்னைத்தான் ஒரு மாதிரி பார்க்கிறார்கள். ஆகவே நடந்ததை நானே எழுதி வைக்கிறேன்.

என் மனைவிக்கு மார்பில் கட்டி வந்து, மதுரையில் அறுவை சிகிச்சை செய்து, அதன் பிறகு ஆறு தடவை மருந்து ஏற்றினார்கள். கட்டி போய்விட்டது என்றார்கள். கூடவே அவளுடைய நாக்கும் போய்விட்டது. சோறு, குழம்பு, இட்லி, எதை வாயில் வைத்தாலும் இரும்பைச் சப்புவது போலிருக்கிறது என்றாள். இரண்டு வாய் வாங்குவாள், தட்டைத் தள்ளிவிடுவாள். மருந்தெல்லாம் முடிந்த பிறகும் எடை இறங்கிக்கொண்டே போனது. அடுத்த தடவை வரும்போதும் இப்படியே இருந்தால் படுக்கையில் சேர்த்து மூக்கு வழியாகக் குழாய் போட்டுத்தான் சாப்பாடு கொடுக்க வேண்டியிருக்கும் என்று டாக்டர் சொல்லிவிட்டார். அந்தத் தேதிக்கு மூன்று வாரம் இருந்தது.

இவள் எப்பேர்ப்பட்ட நாக்குக்காரி என்று தெரிந்தால்தான் என் பயம் புரியும். கல்யாணமாகி முப்பது வருடத்தில் நான் வாங்கிவந்த எந்தப் பொட்டலத்தையும், நான் வைத்த எந்த ரசத்தையும் அவள் குறை சொல்லாமல் சாப்பிட்டதில்லை. "உப்பு ஒரு கல்லு தூக்கல்." "புளி பழசு." "பெருங்காயம் கருகிருச்சு." கல்யாண வீட்டுப் பந்தியில் உட்கார்ந்து முதல் வாயிலேயே சமையல்காரரின் தப்பைச் சொல்வாள், அதுவும் அவர் காதில் விழும்படி. எனக்கு மானம் போகும். இந்த வாயை வைத்துக்கொண்டு எப்படித்தான் காலம் தள்ளப்போகிறேனோ என்று நான் அலுத்துக்கொள்ளாத நாளில்லை. அந்த வாய் இப்போது எதைக் கொடுத்தாலும் "நல்லாருக்குங்க" என்றது.

ஒரு நாள் புளிக்குழம்பில் நான் உப்புப் போட்டேன். போட்டது தெரியாமல் அக்காவும் போட்டாள். மத்தியானம் நான் ஒரு வாய் வைத்துவிட்டு ஓடிப்போய்த் துப்பினேன். திரும்பி வந்து பார்த்தால், என் மனைவி அதே குழம்பைப் பிசைந்து பாதிச் சோறு சாப்பிட்டிருந்தாள். "எப்படி இருக்கு?" என்று கேட்டேன். "நல்லாத்தான் இருக்கு" என்றாள். அன்றைக்குத்தான் எனக்கு உண்மையில் பயம் வந்தது. ஆஸ்பத்திரி வராந்தாவில்கூட நான் அப்படிப் பயப்படவில்லை.

அக்காவைப் பற்றிச் சொல்ல வேண்டும். நிலக்கோட்டைப் பக்கம் அவளுக்கு மல்லிகைத் தோட்டம். தம்பி பெண்டாட்டிக்கு உடம்பு சரியில்லை என்றதும் தோட்டத்தை மகனிடம் விட்டுவிட்டு இரண்டு பையோடு பஸ் ஏறி வந்துவிட்டாள். நாலு ஆள் வேலையைத் தனியாளாகச் செய்வாள். அதில் குறையே சொல்ல முடியாது. ஆனால் எதையும் கேட்டுச் செய்யும் வழக்கம் மட்டும் அவளிடம் கிடையாது. வந்த மூன்றாம் நாள் சமையலறையில் இருந்த டப்பா எல்லாவற்றையும் இடம் மாற்றி வைத்தாள். சீனி இருந்த இடத்தில் ரவை, ரவை இருந்த இடத்தில் கடுகு. கேட்டால், "எம்புட்டு நாளைக்குத்தேன் எல்லாம் தாறுமாறாக் கெடக்கும்?" என்பாள்.

இப்படிப் போய்க்கொண்டிருந்தபோது ஒரு புதன்கிழமை சாயங்காலம் என் மனைவி தானாகவே ஒன்று கேட்டாள். போன வருடம் மகளைப் பார்க்க பெங்களூர் போயிருந்தபோது மகள் தன் வீட்டு ஓவனில் கோழி இறக்கையைத் தேனில் ஊறவைத்து வாட்டிக் கொடுத்தாள். கறியில் யாராவது தேனை ஊற்றுவார்களா, மருமகன் வீட்டார் பார்த்தால் சிரிப்பார்கள் என்று முதலில் முகத்தைச் சுளித்த என் மனைவி, எண்ணி ஆறு தின்றாள். இப்போது கண்ணை மூடிப் படுத்துக்கொண்டே, "அந்த இனிப்பு ரெக்கை கெடைச்சா ரெண்டு திம்பேன் போலருக்கு" என்றாள்.

மூன்று மாதத்தில் அவள் வாய்விட்டுக் கேட்ட முதல் பண்டம் அது. கடையில் வாங்கலாம் என்றால் டாக்டர் வெளிச்சாப்பாட்டைத் தொடவே கூடாது என்றிருந்தார். நான் மகளுக்குப் போன் போட்டேன்.

மகள் குரல் செய்தியாக அனுப்பினாள். ஒன்றல்ல, ஒன்பது. "அப்பா, ரெக்கை தோலோட இருக்கணும், அதுதான் முக்கியம்." அடுத்தது: "ஈரமில்லாமத் தொடைக்கணும்பா, அது ரொம்ப முக்கியம்." அதற்கடுத்தது: "ராத்திரி பூரா ஊறணும், அது ரொம்ப ரொம்ப முக்கியம்." முக்கியமில்லாதது எது என்று கேட்டேன். சிரிக்கும் பொம்மை ஒன்று வந்தது.

சனிக்கிழமை சாயங்காலம் கோழிக்கடைக்குப் போனேன். பத்து வருடமாக அதே கடைதான். "ரெக்கை மட்டும் பன்னெண்டு வேணும் பாய்" என்றேன். அவர் கத்தியை நிறுத்திவிட்டுப் பார்த்தார். "ரெக்கை மட்டுமா? முழுக் கோழி வாங்கினாத்தானே சார் ரெக்கை வரும்?" ஆறு கோழிக்கான ரெக்கை என்று விளக்கினேன். மனசில்லாமல் ஒதுக்கி எடுத்தார். மகள் சொன்னதை எழுதி வைத்திருந்த துண்டுச்சீட்டை நான் பாக்கெட்டில் இருந்து எடுத்துப் பார்ப்பதற்குள் அத்தனை இறக்கையிலும் தோலைச் சரசரவென்று உரித்துப் போட்டுவிட்டார். தோலை உரித்த பிறகு இறக்கையில் என்ன இருக்கும்? பன்னிரண்டு எலும்பு இருந்தது.

"தோலோட வேணும் பாய்."

"தோலோடயா?" அவர் குரலைத் தாழ்த்தி, "நாய்க்கா சார்?" என்று கேட்டார்.

பின்னால் நின்றவர்கள் சிரித்தார்கள். வீட்டம்மாவுக்கு என்று நான் சொன்னது நாய்க்கா என்ற கேள்விக்குப் பதிலாகப் போய் விழுந்ததில் இன்னும் கொஞ்சம் சிரித்தார்கள். பிறகு விவரம் சொன்னேன். அவர் முகம் மாறிவிட்டது. புதிதாக ஆறு கோழி வெட்டி, தோலோடு பன்னிரண்டு இறக்கையை எடுத்து, மஞ்சள் முடி ஒன்று விடாமல் பொறுக்கிக் கொடுத்தார். அதனால் அவர்மேல் எனக்குக் கோபமில்லை. சிரித்தவர்கள்மேல் இருக்கிறது.

சனிக்கிழமை அக்கா பெருமாளுக்கு விரதம். கறியைத் தொடுவதிருக்கட்டும், கறி இருக்கும் சமையலறைப் பக்கம்கூட வரமாட்டாள். அது எனக்குச் சௌகரியமாகப் போயிற்று. நிம்மதியாக இறக்கைகளைக் கழுவி, சுத்தமான வேட்டித் துணியில் ஒற்றி, சிறுமலைத் தேன், சோயா சாஸ், நசுக்கிய பூண்டு, மிளகு, எலுமிச்சைச் சாறு எல்லாம் கலந்து எவர்சில்வர் சம்படத்தில் ஊறப்போட்டேன். தேன் பாட்டிலில் முக்கால்வாசி போயிற்று. சோயா சாஸ் சின்னப் பாட்டில், சொட்டு விடாமல் கவிழ்த்தேன். சம்படத்தை ஃபிரிட்ஜின் மேல் தட்டில் வைத்து மூடியபோது, பரவாயில்லை, நமக்கும் கை வேலை வருகிறது என்று நினைத்துக்கொண்டேன். நினைத்திருக்கக் கூடாது.

ஞாயிற்றுக்கிழமை காலையில் கடைக்குப் போக வேண்டியிருந்தது. பஸ் ஸ்டாண்டுப் பக்கம் எனக்கு ஜெராக்ஸ் கடை. காந்திகிராமத்தில் படிக்கிற பிள்ளைகள் வருடம் முழுக்கச் சும்மா இருந்துவிட்டு, ஆய்வேட்டை ஒப்படைப்பதற்கு முதல் நாள் வந்து, "அண்ணே, நாளைக்குக் காலைல பைண்டிங் வேணும்ணே" என்று நிற்பார்கள். முடியாது என்று சொல்லத்தான் வாயைத் திறப்பேன். அழுதுவிடுவது போலப் பார்ப்பார்கள். இரண்டு மணி நேரத்தில் வேலையை முடித்துக்கொண்டு, வரும் வழியில் அலுமினியத் தாளும் வாங்கிக்கொண்டு பத்தரைக்கு வீடு திரும்பினேன்.

முதலில் ஓவனைத் தயார் செய்யலாம் என்று நினைத்தேன். மகள் கல்லூரியில் படிக்கும்போது கேக் செய்கிறேன் என்று அடம்பிடித்து வாங்கியது. இரண்டு கேக்கோடு அவள் ஆசை தீர்ந்தது. அதற்கப்புறம் எங்கள் வீட்டில் அது ஓவன் இல்லை, கண்ணாடிக் கதவு வைத்த அலமாரி. உள்ளே கையை விட்டால் அப்பளக் கட்டு, வடாம், ஜோடியில்லாத பதினாலு மூடி, பணியாரக் குச்சி, ஒரு குக்கர் விசில். எல்லாவற்றையும் வெளியே எடுத்துத் துடைத்தேன். அதைச் செருகுகிற பெரிய பிளக் பாயிண்ட், பின்கட்டில் துணி துவைக்கும் மிஷினுக்கு மட்டும்தான் இருந்தது. ஒரு வகையில் நல்லதுதான், சமைக்கிற வாடை அவள் படுக்கை வரைக்கும் போகாது. ஓவனைத் தூக்கிக்கொண்டு போய் மிஷின் மேலேயே வைத்தேன்.

பின்கட்டில் அக்கா நின்றிருந்தாள். குழாயடியில் பெரிய சட்டி. அதில் மஞ்சள் தண்ணீர். அதற்குள் என் பன்னிரண்டு இறக்கை.



"நீ சொல்லாமக் கொள்ளாமப் போயிட்ட" என்றாள் அக்கா. "குளிச்சிட்டு வந்து ஃபிரிட்ஜத் தொறந்தா, கோழி கருப்புத் தண்ணில கெடக்கு. நேத்து வாங்கி, கழுவாமயே வச்சு, ரத்தம் கட்டிப் போச்சுன்னு நெனைச்சேன். மஞ்சத்தூளும் கல்லுப்பும் போட்டு நாலு தண்ணில அலசிட்டேன். அப்புறமும் ஒரு மணி நேரமா மஞ்சத் தண்ணில ஊறுது. இப்பத்தேன் செத்த வெள்ளையாயிருக்கு."

"அந்தக் கருப்புத் தண்ணி எங்க?"

"கருவேப்பிலைக்கு ஊத்திட்டேன்."

அப்போதுதான் கத்தினேன். என்னென்ன சொன்னேன் என்று முழுதாக ஞாபகமில்லை. ராத்திரி முழுக்க ஊறியது, சிறுமலைத் தேன், சோயா, நாய்க்கா என்று கேட்டது வரைக்கும் எல்லாவற்றையும் ஒன்றாகப் போட்டுக் கத்தினேன். கேட்டுச் செய்யத் தெரியாதா, டப்பாவை ஏன் மாற்றினாய், குழம்பில் ஏன் உப்பைக் கொட்டினாய் என்று பழைய கணக்கெல்லாம் வந்தது. அக்காவும் சளைத்தவளில்லை.

"ஏலே, கோழியக் கழுவாமத் திங்கிற வம்சமாடா நாம? நோயாளிக்குக் குடுக்கப்போற கறி! நல்லது செஞ்சவள நாயப் பேசுற மாதிரி பேசுற?"

"நேத்தே கழுவியாச்சுக்கா! நான் கழுவினேன்!"

"நீயா?" என்றாள். அந்த ஒரு வார்த்தையில் இருந்த அவநம்பிக்கைதான் எனக்கு இன்னும் ஆற மாட்டேன் என்கிறது.

உள்ளேயிருந்து என் மனைவி, "என்னங்க சத்தம்?" என்று பலவீனமாகக் கேட்டாள். இரண்டு பேரும் ஒரே நேரத்தில், "ஒண்ணுமில்ல" என்றோம். அப்புறம் நான் பல்லைக் கடித்துக்கொண்டு அக்காவிடம் சொன்னேன்: "இனிமே இதுல நீ கைய வைக்கக் கூடாது. ஒரு வார்த்தை பேசக் கூடாது. வாயத் தொறந்தா பாரு."

"ஆகட்டும்" என்று அவள் பின்வாசல் படியில் உட்கார்ந்து சின்ன வெங்காயத்தை உரிக்க ஆரம்பித்தாள். முகம் என் பக்கம்தான் இருந்தது.

மகளுக்குப் போன் போட்டேன். கழுவிய கதையைக் கேட்டு விழுந்து விழுந்து சிரித்தாள். மறுபடியும் ராத்திரி முழுக்க ஊற வைக்க எனக்கு நேரமில்லை என்று எரிந்து விழுந்தேன். "ஒரு மணி நேரம் ஊறினாலே போதும்பா" என்றாள் சாவகாசமாக. ராத்திரி பூரா ஊறணும், ரொம்ப ரொம்ப முக்கியம் என்று சொன்னவள் இவள்தான். "சோயா தீர்ந்துபோச்சு" என்றேன். "பரவால்லப்பா, சோயா இல்லாட்டி அதுக்குப் பதிலா நீங்க..." என்று தொடங்கினாள். எனக்கிருந்த கோபத்தில் போனை வைத்துவிட்டேன்.

மிச்சமிருந்த தேனோடு வெல்லத்தைப் பாகு காய்ச்சி ஊற்றினேன். பூண்டை மறுபடி நசுக்கினேன், மிளகைத் தட்டினேன், எலுமிச்சையைப் பிழிந்தேன். நடுவில் ஒரு முறை அக்கா வாயைத் திறந்தாள். நான் திரும்பிப் பார்த்தேன். மூடிக்கொண்டாள். எனக்கு அப்போது அதில் ஒரு திருப்தி இருந்தது. கறிவேப்பிலைச் செடியைச் சுற்றி எறும்பு சாரை சாரையாகப் போய்க்கொண்டிருந்தது. அதுகளுக்காவது அந்தத் தேன் கிடைத்ததே.

மத்தியானம் ஒரு மணிக்கு ஓவனைப் போட்டேன். சூடானதும் முதலில் பழைய அப்பள வாடை வந்தது, பிறகுதான் கோழி வாடை. அக்கா வெங்காயத்தை முடித்துவிட்டு, துணி துவைக்கும் மிஷின் மேல் கறி வேகிற அதிசயத்தைக் கையை முகவாயில் வைத்துக்கொண்டு பார்த்திருந்தாள். நாற்பது நிமிடம் நான் அந்தக் கண்ணாடிக் கதவை விட்டு நகரவில்லை. நடுவில் ஒரு தடவை திருப்பிப் போட்டபோது கையைச் சுட்டுக்கொண்டேன். பாகு தட்டில் வழிந்து கருகியது. ஆனால் தோல் மட்டும் மகள் அனுப்பிய படத்தில் இருந்த மாதிரியே செம்பழுப்பாக மினுங்கியது. பாராட்டுவதற்கு அங்கே அக்காவை விட்டால் ஒருத்தரும் இல்லை. அவளையோ பேசக்கூடாது என்று சொல்லி வைத்திருந்தேன்.

கருகாததாகப் பார்த்து மூன்றை எடுத்துத் தட்டில் வைத்துக் கூடத்துக்குக் கொண்டுபோனேன். என் மனைவி தலையில் துண்டைச் சுற்றிக்கொண்டு நாற்காலியில் சாய்ந்திருந்தாள். முடி அப்போதுதான் அரிசி நீளம் முளைத்திருந்தது. தட்டைப் பார்த்ததும், "நெசமாவே செஞ்சிட்டீங்களா?" என்றாள். செய்தேன் என்று மட்டும் சொன்னேன். அக்கா வாசற்படியில் வந்து நின்றுகொண்டாள்.

என் மனைவி ஒரு இறக்கையை எடுத்து, மெதுவாக ஊதி, தோலோடு ஒரு கடி கடித்தாள். மென்றாள். முகம் சுருங்கியது.

அந்தச் சுருக்கத்தை நாங்கள் மூன்று மாதமாகப் பார்த்துக்கொண்டிருக்கிறோம். அதற்கு அடுத்தது குமட்டல்தான். அக்கா ஓடிப்போய்ப் பிளாஸ்டிக் பேசினை எடுத்துவந்து நீட்டினாள். "கொமட்டுதா ஆத்தா? துப்பிரு, துப்பிரு." அவ்வளவுதான், குழாய்தான் என்று நினைத்தேன்.

என் மனைவி பேசினைக் கையால் ஒதுக்கினாள். மென்றதை விழுங்கினாள். இன்னொரு கடி கடித்தாள். அப்புறம் இறக்கையைத் திருப்பிப் பார்த்தாள்.

"உப்பு பத்தல" என்றாள்.

நானும் அக்காவும் ஒருத்தரை ஒருத்தர் பார்த்தோம்.

"இனிப்பு இருக்கு, ஒறைப்பும் லேசா இருக்கு. உப்பு பத்தல. என்ன ரெண்டு பேரும் மரமாட்டம் நிக்கிறீங்க?"

நான் தட்டிலிருந்து ஒன்றை எடுத்துக் கடித்தேன். உண்மைதான். உப்பு இல்லை. சோயாவில் இருந்த உப்பெல்லாம் நாலு தண்ணியில் போய்க் கறிவேப்பிலையில் சேர்ந்துவிட்டது. இரண்டாம் தடவை கலக்கும்போது நான் உப்புப் போடவே இல்லை. மகள் சொல்ல வந்ததும் அதைத்தான்.

"நா அப்பவே... சொல்லத்தேன் வந்தேன்... நீயே கேளு ஆத்தா" என்று அக்கா தடுமாறி, பிறகு நிதானத்துக்கு வந்து, "இவன் உப்புப் போடல, நா கண்ணால பாத்தேன். சொல்ல வந்தா, வாயத் தொறக்காதன்னான். பெறகு நா என்ன செய்ய?" என்றாள்.

வேறு நாளாக இருந்தால் அதற்கு நான் பதில் வைத்திருப்பேன். "உனக்கு நெசமாத் தெரியுதா? உப்பு இல்லைன்னு?" என்று மனைவியிடம் கேட்டேன்.

"நாக்குன்னு ஒண்ணு இருக்கில்ல, அதுக்குத் தெரியா..." என்று வழக்கமான கடுப்போடு தொடங்கியவள், பாதியில் நிறுத்திவிட்டாள். கையில் இறக்கை அப்படியே நின்றது. நாக்கை உதட்டில் ஒரு முறை ஓட்டிப் பார்த்தாள். "மதினி" என்று அக்காவைக் கூப்பிட்டாள். அக்கா பேசினைக் கீழே வைத்துவிட்டு அவள் தலைத்துண்டைச் சரி செய்வது போல எதையோ செய்துகொண்டிருந்தாள்.

பிறகு என் மனைவி என் பக்கம் திரும்பி, "போங்க, போயி உப்ப எடுத்துட்டு வாங்க. ஆறிப்போனா இத மனுசன் திம்பானா?" என்றாள்.

சமையலறைக்குப் போனேன். அக்கா எந்த டப்பாவில் எதைப் போட்டு வைத்திருக்கிறாள் என்று இந்த வீட்டில் எவனுக்குத் தெரியும்? ஒவ்வொன்றாகத் திறந்தேன். ஒன்றில் ரவை, ஒன்றில் கடுகு, ஒன்றில் பொட்டுக்கடலை. கண் வேறு மறைத்துக்கொண்டு வந்தது, எது சீனி எது உப்பு என்று தெரியவில்லை. விரலால் தொட்டுத் தொட்டு வாயில் வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

கூடத்திலிருந்து அவள் குரல் வந்தது. கொஞ்சம் பலமாகவே வந்தது.

"உப்பெடுக்கத் தூத்துக்குடிக்கா போயிருக்கீங்க?"